மிஷ்வில்

சாவி எங்கள் வீட்டில் இருக்கிறது.
முழங்கை நீளம். குளிர்காலத்தில் தொட்டால் சுடும்.
கோபுரம் சரிந்த பிறகும்
மின்சாரம் வந்து, போய், வந்த பிறகும்
மேலூர்த் தேவாலயத்தைத் திறப்பது நாங்கள்தான்.

தேவதூதன் படத்தின் வெள்ளித் தகட்டுக்குப் பின்னால்
ஒரு விரிசல்.
அதற்குள் மிஷ்வில்.
கட்டைவிரல் நகத்தளவு. சிறகு நான்கு,
உரித்த வெங்காயச் சருகு போல.
வாயே கிடையாது, எதையும் தின்னாத உயிர் என்று
பாதிரியார் பிரசங்கத்தில் சொல்வார்.
மெழுகுவத்தி வழிந்த இடத்தை அது நக்குவதை
நான் பார்த்திருக்கிறேன். சொன்னதில்லை.

நகரத்திலிருந்து ஒருவர் கண்ணாடிக் குப்பியோடு வந்தார்.
இது என்ன இனம் என்று கேட்டார்.
சாட்சி என்றேன்.
எழுதிக்கொண்டார்.

மாடு, எல்லைக்கல், ரத்தம்,
வழக்கு எதுவானாலும்
மலையாட்டுக் கொம்புக் கிண்ணத்தால் அதை மூடிக்
கல்லின்மேல் வைப்போம்.
கிண்ணத்தின்மேல் சாவிக்காரன் கை.
சத்தியம் செய்பவன் குனிந்து கொம்பருகே வாய் வைத்துச் சொல்வான்.
ரீங்கரித்தால் உண்மை.
இல்லாவிட்டால் அன்றிலிருந்து
அவன் வீட்டு அடுப்பில் யாரும் நெருப்பு வாங்க மாட்டார்கள்.

அது சூட்டுக்கு ரீங்கரிக்கும்.
அவ்வளவுதான் ரகசியம்.
அப்பாவின் கை எப்போதும் அடுப்புக்கல் மாதிரி இருக்கும்.
அவர் காலத்தில் ஊரில் பொய்யரே இல்லை.

பிப்ரவரியில் இரண்டு பேர் கணவாய்க்குள் போனார்கள்.
திரும்பியவன் பிமுர்ஸா மட்டும்,
அன்சோரின் கம்பளிக் கோட்டுக்குள்.
உடல் கிடைக்க மே ஆகும்.
"கொடுத்தான்" என்றான்.
"உரித்தாய்" என்றாள் தாரெஜான், அன்சோரின் மனைவி.
பொத்தான்கள் அவள் தைத்தவை.
நான்காவது இருந்த இடத்தில் நூல் மட்டும் நின்றது.

அன்சோரும் நானும் செங்குத்துச் சரிவில்
ஒரே கயிற்றைக் கட்டிக்கொண்டு புல் அறுத்தவர்கள்.
அவன் வழுக்கினால் என் இடுப்பு நோகும்.

அன்று காலை, ஊர் ஏறி வருவதற்கு முன்
பின்சுவரோரம் போய்
வலது கையைப் பனியில் புதைத்தேன்.
நூறு எண்ணினேன்.
விரல்கள் யாருடையவையோ என்று ஆன பிறகு
இன்னொரு நூறு.

பிமுர்ஸா குனிந்தான்.
சத்தியத்துக்கு ஒரு வரி போதும்.
அவன் நிறுத்தவில்லை.
கால் உடைந்துவிட்டது அவனுக்கு என்றான்.
ரொட்டியைப் பிட்டுப் பெரிய துண்டை என் பக்கம் தள்ளினான் என்றான்.
கோட்டைக் கழற்றும்போது விரல் மடங்கவில்லை,
மூன்று பொத்தான் எப்படியோ கழன்றது,
நான்காவதைக் கடித்துத் துப்பினான்,
துப்பிவிட்டுச் சிரித்தான்,
அவள் திட்டுவாள் என்றான் என்றான்.

கிண்ணத்துக்குக் கீழே முதலில் ஒன்றுமில்லை.
பிறகு, ஆற்றுக்கு அந்தப் பக்கம்
யாரோ திரிகை சுற்றுவது போல.
பிறகு என் மணிக்கட்டு எலும்பு வரை.

அழுகிறவன் மூச்சு சுடும்.
அவன் வாய் கொம்பை ஒட்டி இருந்தது.
அதனால் இருக்கலாம்.

பிமுர்ஸா கோட்டைக் கல்லின்மேல் மடித்து வைத்துவிட்டுச்
சட்டையோடு இறங்கிப் போனான்.
ஊரும் போனது.
தாரெஜான் நின்றாள்.
கோட்டை அவள் பார்க்கவில்லை, கிண்ணத்தைப் பார்த்தாள்.
கொம்பின்மேல் என் ஐந்து விரலும்
நீரில் பதிந்திருந்தன.

"வெளியே போய் வந்தாயா, சர்காஸ்?"

நான் சாவியைத் தேடினேன்.
அது என் இடக்கையில்தான் இருந்தது.

"யாருக்காக?" என்றாள்.

பதிலுக்கு நிற்கவில்லை.
கோட்டின் கைநுனியால் கிண்ணத்தைத் துடைத்தாள்,
பாத்திரம் துடைப்பது போல, உள்விளிம்பு வரை.
கோட்டைத் தோளில் போட்டுக்கொண்டு
பிமுர்ஸா போன பாதையில் இறங்கினாள்.
கொடுக்கவா, வேறெதற்கா, தெரியாது.
அந்தப் பாதையில்தான் அவள் வீடும் இருக்கிறது.

மிஷ்வில்லை விரிசலருகே விட்டேன்.
உள்ளே போகவில்லை.
என் விறைத்த விரல்மேல் ஏறி
நகத்திலிருந்து கணுவுக்கும்
கணுவிலிருந்து நகத்துக்கும் நடந்தது.
சத்தமே இல்லை.

கையை மடக்காமல் வைத்திருந்தேன்,
மெழுகுவத்தி ஒன்று தீரும் வரை.